மெசியர் பட்டியலின் கேலக்ஸிகளை உண்மையில் யார் கண்டுபிடித்தது?

கைபேசியில் வானவரைபடச் செயலி ஒன்றைத் திறந்து எம் 87 என்று தேடிப் பாருங்கள். நாலைந்து வரிகள் வரும். கன்னி ராசிப் பக்கம் இருக்கும் ஒரு கேலக்ஸி, தூரம் சுமார் 5.4 கோடி ஒளியாண்டு (ஒளி ஒரு வருஷத்தில் போகும் தூரம்தான் ஒளியாண்டு), கண்டுபிடித்தவர் சார்லஸ் மெசியர், ஆண்டு 1781. ‘எம்’ என்பது அவர் பெயரின் முதலெழுத்து. வாணியம்பாடி, ஆலங்காயம் பக்கம் தொலைநோக்கியை எடுத்துக்கொண்டு இருட்டான இடம் தேடிப் போகும் எங்கள் சின்னக் கூட்டத்தில் புதிதாகச் சேருகிறவர்கள் பெரும்பாலும் இதைப் படித்துவிட்டுத்தான் வருவார்கள். பாரீசில் இருந்த ஒரு வானியலாளர் 1781லேயே இவ்வளவு தூரத்தில் ஒரு கேலக்ஸி இருப்பதைக் கண்டுபிடித்துவிட்டார் என்று நினைத்துக்கொண்டிருப்பார்கள்.

அப்படி நடக்கவில்லை. மெசியர் 1817ல் காலமானார். தான் குறித்து வைத்த அந்த மங்கலான பொட்டு எவ்வளவு தூரத்தில் இருக்கிறது, எதனால் ஆனது என்று கடைசிவரை அவருக்குத் தெரியாது. அந்த நாலு வரியில் ஆண்டு மட்டும்தான் அவருடையது. ‘கேலக்ஸி’ என்பதும் தூரமும் சுமார் 140 வருஷம் கழித்து வேறு ஆட்கள் வேறு கருவிகளை வைத்து எழுதிச் சேர்த்தவை. கேலக்ஸிகளைப் பற்றிப் படிக்கத் தொடங்குகிறவர் இந்த ஒன்றை முதலிலேயே பிரித்துப் புரிந்துகொண்டால் பாதிக் குழப்பம் போய்விடும்.

கேலக்ஸி என்றால் என்ன என்பதை ஒரு வரியில் முடித்துவிடலாம். கோடிக்கணக்கான நட்சத்திரங்கள், அவற்றுக்கு இடையே வாயு, தூசு எல்லாம் ஈர்ப்புவிசையால் ஒன்றாகக் கட்டுண்டு கிடக்கும் பெரிய தொகுப்பு. நாம் இருக்கும் பால்வீதி அப்படி ஒன்று. அதில் 10,000 கோடிக்கும் அதிகமான நட்சத்திரங்கள் இருக்கின்றன. இரவில் வெறும் கண்ணுக்குத் தனித்தனியாகத் தெரியும் நட்சத்திரங்கள் அத்தனையும் இந்த ஒரே கேலக்ஸியைச் சேர்ந்தவை. மற்ற கேலக்ஸிகள் இதற்கு வெளியே, ரொம்பத் தள்ளி இருக்கின்றன.

சரி, மெசியருக்கு வருவோம். அவர் தேடியது வால்நட்சத்திரங்களை. அந்தக் காலத்தில் ஒரு வானியலாளருக்கு அதைவிடப் பெரிய பெயர் வாங்கித் தரும் வேலை கிடையாது. சூரியனை விட்டு வெகு தூரத்தில் இருக்கும் வால்நட்சத்திரத்துக்கு வால் இருக்காது. சின்னப் பஞ்சுத் துணுக்கு மாதிரி மங்கலாகத் தெரியும். வானத்தில் வேறு பல மங்கல்களும் அதே மாதிரிதான் தெரியும். வித்தியாசம் ஒன்றுதான்: வால்நட்சத்திரம் நாளுக்கு நாள் இடம் மாறும், மற்றவை அசையாது. 1758ல் ஒரு வால்நட்சத்திரத்தைப் பின்தொடர்ந்துகொண்டிருந்தபோது ரிஷப ராசியில் இப்படி ஒரு அசையாத மங்கல் அவர் கண்ணில் பட்டது. அதுதான் பட்டியலில் எம் 1. (அது கேலக்ஸி இல்லை. வெடித்துச் சிதறிய ஒரு நட்சத்திரத்தின் மிச்சம்.)

ஆந்திர எல்லைச் சோதனைச்சாவடியில் நிற்கிறவர், தினமும் பால் ஏற்றிப் போகும் வண்டிகளின் நம்பரை ஒரு தாளில் எழுதி ஒட்டி வைத்துக்கொண்டால் எப்படியோ, மெசியரின் பட்டியலும் அப்படித்தான். ‘இவற்றை நிறுத்திச் சோதிக்க வேண்டாம், தெரிந்த வண்டிகள்.’ வால்நட்சத்திரம் தேடுகிறவர்கள் ஏமாறாமல் இருக்க, கண்டுகொள்ளாமல் விடவேண்டியவற்றின் பட்டியல். 1774ல் அச்சில் வந்தபோது அதில் 45 பொருள்கள் இருந்தன. 1781ல் 103 ஆயிற்று. அவருடைய குறிப்புகளிலும் நண்பர் மெஷானின் கடிதத்திலும் இருந்ததைத் தேடி எடுத்து 20ஆம் நூற்றாண்டில் சேர்த்தவற்றோடு இப்போது 110. அதில் 40 கேலக்ஸிகள். மீதி பெரும்பாலும் பால்வீதிக்குச் சொந்தமான நட்சத்திரக் கொத்துகளும் வாயு மேகங்களும்தான். மெசியருக்கு இரண்டு வகைக்கும் வேறுபாடு தெரிய வழியே இல்லை. அவர் பெரும்பாலும் பயன்படுத்தியவை 9 செ.மீ. அளவு லென்ஸ் கொண்ட தொலைநோக்கிகள். இன்று ஒரு பள்ளிக்கூடம் வாங்கி வைக்கக்கூடிய அளவுதான்.

எதைக் கண்டு ஏமாறக் கூடாது என்று பட்டியல் போட்டாரோ, அதைக் கண்டு அவரே ஏமாந்த கதை ஒன்று உண்டு. 1779ல் ஒரு வால்நட்சத்திரம் கன்னி ராசி வழியாகப் போனது. ஐரோப்பா முழுக்கப் பலர் தொலைநோக்கியை அந்தப் பக்கம் திருப்பினார்கள். அந்தத் திசையில்தான் கேலக்ஸிகள் ஆயிரக்கணக்கில் கூடிக் கிடக்கின்றன என்பது அப்போது யாருக்கும் தெரியாது. ஏப்ரல் 11 அன்று ட்ரெஸ்டன் நகரத்து கோலர், இன்றைய எம் 59, எம் 60 இரண்டையும் பார்த்தார். நாலு நாள் கழித்து மெசியர் இவற்றையும் பார்த்து, கூடவே எம் 58ஐயும் சேர்த்தார். மே 5 அன்று இத்தாலியில் ஒரியானி, இன்றைய எம் 61ஐக் கண்டு இது புது நெபுலா (அசையாத மங்கல்களுக்கு அன்றைய பெயர்) என்று குறித்துக்கொண்டார். அதே இரவு மெசியரும் அதைப் பார்த்தார். ஆனால் அதுதான் வால்நட்சத்திரம் என்று நினைத்துவிட்டார். மறுநாளும் அப்படியே. மே 11 அன்றுதான் அது இடம் மாறவே இல்லை என்பதைக் கவனித்தார். முதலில் சரியாகப் புரிந்துகொண்டவர் என்பதால் எம் 61க்குப் பக்கத்தில் ஒரியானியின் பெயர் இருக்கிறது.

1781 மார்ச் 18 அவருக்கு வாய்த்த மாதிரி ஓர் இரவு வேறு யாருக்காவது வாய்த்திருக்குமா தெரியாது. நம் கணக்கில் அது பங்குனி மாதம். எம் 84 முதல் எம் 91 வரை எட்டு மங்கல்களை ஒரே இரவில் குறித்தார். எல்லாம் கன்னி ராசிப் பக்கம். அதில் எம் 85ஐ அவருடைய நண்பர் பியர் மெஷான் இரண்டு வாரம் முன்பே பார்த்துவிட்டுச் சொல்லியிருந்தார். மற்றவை மெசியரே கண்டவை. எம் 87 அந்த இரவில் வந்ததுதான்.

அந்த எட்டில் கடைசியான எம் 91 ஒரு வேடிக்கை. அவர் சொன்ன இடத்தில் தொலைநோக்கியைத் திருப்பினால் ஒன்றுமே இல்லை. சுமார் 190 வருஷம் அது ‘காணாமல் போன’ பொருளாகவே இருந்தது. மெசியர் இடத்தை அளந்த முறை தெரிந்தால் இது விளங்கும். தொலைநோக்கியை அசைக்காமல் வைத்தால் பூமி சுழல்வதால் வானம் கண்முன்னே நகர்ந்து போகும். இடம் தெரிந்த ஒரு பொருள் முதலில் கடக்கும். புதியது அதற்கு முன்னேயோ பின்னேயோ கடக்கும். அந்த நேர வித்தியாசமும் உயர வித்தியாசமும் கிடைத்தால் புதியதன் இடத்தைக் கணக்குப் போட்டுவிடலாம். அந்த இரவு ஏற்கெனவே பட்டியலில் இருந்த எம் 58ஐ ஆதாரமாக வைத்துக் கணக்குப் போட்டார். ஆனால் அவர் கண்முன் நகர்ந்து போனது எம் 58 இல்லை, பக்கத்திலிருந்த எம் 89. 1969ல் டெக்சாசைச் சேர்ந்த வில்லியம்ஸ் என்ற அமெச்சூர் வானியலாளர் அதே வித்தியாசத்தை எம் 89இலிருந்து கூட்டிப் பார்த்தார். கணக்கு என்ஜிசி 4548 என்ற கேலக்ஸியின் மேல் கொண்டுபோய் நிறுத்தியது (என்ஜிசி என்பது பின்னால் வந்த இன்னொரு பட்டியல்). நானும் ஒருமுறை தாளில் போட்டுப் பார்த்தேன். எம் 89க்கு வடக்கே கிட்டத்தட்ட 2 பாகை, நேரத்தில் கால் நிமிஷம்போல முன்னே. கச்சிதமாகப் பொருந்துகிறது. அளவெடுத்ததில் அவர் தவறவே இல்லை, ஆளைத்தான் மாற்றிவிட்டார்.

மெஷானைப் பற்றி யாரும் அதிகம் பேசுவதில்லை என்பதில் எனக்குக் கொஞ்சம் வருத்தம் உண்டு. எம் 74, எம் 101, எம் 104 எல்லாம் முதலில் அவர் கண்ணில் பட்டவை. பிற்பாடு மீட்டர் என்ற அளவை நிர்ணயிக்கப் பூமியை அளக்கப் போன இருவரில் ஒருவர் அவர்தான். பட்டியலில் நிலைத்தது என்னவோ மெசியரின் முதலெழுத்து மட்டும்.

இனி அந்த என்ஜிசி எண்ணுக்கு வருவோம். எம் எண்ணை விட அதில்தான் பயன் அதிகம் என்பது என் கட்சி.

1783லிருந்து இங்கிலாந்தில் வில்லியம் ஹெர்ஷல் வேறு மாதிரி வேலையைத் தொடங்கினார். மெசியர் ஒதுக்கியதை அவர் தேடிப் போனார். 47 செ.மீ. அகல உலோகக் கண்ணாடி வைத்த தொலைநோக்கியை ஒரே திசையில் நிறுத்தி, வானம் நகர நகர வருவதை எல்லாம் சத்தமாகச் சொல்லுவார். தங்கை கரோலின் கடிகாரத்தோடு உட்கார்ந்து நேரத்தையும் விவரத்தையும் எழுதிக்கொள்வார். கரோலின் வெறும் எழுத்தர் இல்லை; என்ஜிசி 253 என்ற பெரிய கேலக்ஸியை 1783ல் தன் சிறிய தொலைநோக்கியால் அவரே கண்டுபிடித்தார். 1786, 1789, 1802 ஆகிய மூன்று தவணைகளில் 2,500 பொருள்களை அண்ணனும் தங்கையும் அச்சில் கொண்டுவந்தார்கள். அப்புறம் மகன் ஜான் ஹெர்ஷல் தென்னாப்பிரிக்காவின் கேப் பகுதிக்குப் போய்த் தெற்கு வானத்தையும் சேர்த்தார். இவை எல்லாவற்றையும் தொகுத்து, மற்றவர்கள் கண்டதையும் சேர்த்து 1888ல் டிரேயர் வெளியிட்டதுதான் ‘நியூ ஜெனரல் கேட்டலாக்’. மொத்தம் 7,840 பொருள்கள். சுருக்கமாக என்ஜிசி.

எம் எண் என்பது ஏறக்குறைய பட்டியலில் சேர்ந்த வரிசை. அதை வைத்து வானத்தில் இடம் சொல்ல முடியாது. என்ஜிசி எண் வானத்தில் மேற்கிலிருந்து கிழக்காகப் போகும் வரிசை. எண் சிறியதென்றால் உத்திரட்டாதிப் பக்கம். 4,000 முதல் 5,000 வரை என்றால் உத்திரத்துக்கும் சித்திரைக்கும் நடுவில். எம் 31 என்பது என்ஜிசி 224. எம் 87 என்பது 4486. எம் 104 என்பது 4594. கொஞ்ச நாள் பழகினால் எண்ணைக் கேட்டதும் எந்த மாதம் பார்க்கலாம் என்று சொல்லிவிடலாம்.

ஆக 1888லேயே ஆயிரக்கணக்கான கேலக்ஸிகளுக்கு எண் கிடைத்துவிட்டது. அவை என்னவென்று அப்போதும் தெரியாது. துப்பு ஒவ்வொன்றாகத்தான் வந்தது. 1845ல் அயர்லாந்தில் ரோஸ் பிரபு 1.8 மீட்டர் அகலத் தொலைநோக்கியில் எம் 51ஐப் பார்த்துச் சுருள் வடிவத்தை வரைந்தார். 1864ல் வில்லியம் ஹக்கின்ஸ், ஒளியை நிறங்களாகப் பிரித்துக் காட்டும் நிறமாலைக் கருவியை நெபுலாக்கள் மேல் திருப்பினார். என்ஜிசி 6543இலிருந்து வந்த ஒளி தனித்தனிக் கோடுகளாகப் பிரிந்தது, அது வாயு. எம் 31இன் ஒளி தொடர்ச்சியாகப் பரவியது, நட்சத்திர ஒளி மாதிரி. 1912ல் வெஸ்டோ ஸ்லைஃபர் அதே எம் 31 நொடிக்கு 300 கி.மீ. வேகத்தில் நம்மை நோக்கி வருவதை அளந்தார். மற்ற சுருள் நெபுலாக்களை அளந்தபோது பெரும்பாலானவை இதைவிட வேகமாக விலகிப் போய்க்கொண்டிருந்தன. அந்த வேகத்தில் போகிற எதையும் பால்வீதி பிடித்து வைத்துக்கொள்ள முடியாது.

இவை பால்வீதிக்குள்ளேயேதான் இருக்கின்றன என்ற எதிர்க்கட்சியிடமும் நல்ல வாதம் இருந்தது. 1885ல் எம் 31க்குள் ஒரு புது நட்சத்திரம் தோன்றி, வெறும் கண்ணுக்குத் தெரிகிற எல்லை வரை பிரகாசித்தது. எம் 31 பல லட்சம் ஒளியாண்டு தள்ளி இருந்தால் அந்த ஒற்றை நட்சத்திரம் கோடிக்கணக்கான சூரியன்களுக்குச் சமமாக எரிந்திருக்க வேண்டும். அது நடக்கிற காரியமா என்று கேட்டார்கள். (நடக்கிற காரியம்தான். சூப்பர்நோவா என்ற நட்சத்திர வெடிப்பு ஒன்று இருப்பது அப்போது தெரியாது.) 1920 ஏப்ரல் 26 அன்று வாஷிங்டனில் ஷேப்லியும் கர்ட்டிஸும் இதைப் பற்றி வாதிட்டார்கள். எல்லாம் பால்வீதிக்குள்தான் என்றார் ஷேப்லி. சுருள் நெபுலாக்கள் தனித்தனிக் கேலக்ஸிகள் என்றார் கர்ட்டிஸ். தீர்ப்பு கிடைக்கவில்லை. தூரத்தை அளக்காமல் வாதாடி என்ன பயன்?

அளவுகோல் ஏற்கெனவே ஹென்ரியட்டா லெவிட்டிடம் இருந்தது. ஹார்வர்டில் புகைப்படத் தட்டுகளை ஆராய்ந்துகொண்டிருந்தவர் அவர். செஃபீட் என்ற வகை நட்சத்திரங்கள் சீராக ஒளி கூடிக் குறையும். பால்வீதிக்குப் பக்கத்துக் குட்டிக் கேலக்ஸியான சிறிய மெகல்லன் மேகத்தில் இருந்த 25 செஃபீட்களை வைத்து, ஒரு சுற்றுக்கு எடுக்கும் நாள் அதிகமானால் நட்சத்திரத்தின் உண்மையான பிரகாசமும் அதிகம் என்று 1912ல் காட்டினார். சுற்றுக்கு எத்தனை நாள் என்று எண்ணினால் உண்மைப் பிரகாசம் கிடைக்கும். அதைக் கண்ணுக்குத் தெரிகிற பிரகாசத்தோடு ஒப்பிட்டால் தூரம் கிடைக்கும்.

1923 அக்டோபரில் அமெரிக்காவின் மவுண்ட் வில்சன் ஆய்வகத்தில் எட்வின் ஹபிள் எடுத்த ஒரு தட்டில் எம் 31க்குள் ஒரு புள்ளி இருந்தது. முதலில் நோவா (திடீரெனப் பிரகாசிக்கும் நட்சத்திரம்) என்று நினைத்து ‘என்’ (N) என்று குறித்தவர், பழைய தட்டுகளோடு ஒப்பிட்டபின் அதை அடித்துவிட்டு, மாறும் நட்சத்திரம் என்று ஆச்சரியக்குறியோடு எழுதினார். 31 நாள் சுற்று. செஃபீட்! கணக்குப் போட்டால் சுமார் 9 லட்சம் ஒளியாண்டு வந்தது. செஃபீட்களில் இரண்டு வகை உண்டு என்று 1952ல் வால்டர் பாடே திருத்திய பிறகு தூரம் கூடியது. இன்றைய கணக்கு சுமார் 25 லட்சம். ஹபிளின் தொகை தப்பானாலும் முடிவு அசையவில்லை. பால்வீதியின் அகலமே ஏறக்குறைய 1 லட்சம் ஒளியாண்டுதான். 1925 ஜனவரி 1 அன்று இது அறிவியலாளர் கூட்டத்தில் வாசிக்கப்பட்டது. மெசியரின் 40 மங்கல்களும் அன்றைக்குத்தான் கேலக்ஸிகள் ஆயின என்று சொன்னாலும் பெரிய தவறில்லை.

எம் 31ஐ ‘கண்டுபிடித்தவர்’ யார் என்று கேட்டால் இன்னும் சிக்கல். அது கண்ணுக்கே தெரியும். பாரசீகத்து அல் சூஃபி 964ல் அதைச் சிறு மேகம் என்று எழுதினார். அதற்கு முன் பார்த்தவர்களுக்குக் கணக்கே கிடையாது.

இப்போது நம் ஊருக்கு வருவோம். இந்த விஷயத்தில் நமக்கு அதிர்ஷ்டம். ஆலங்காயத்திலிருந்து ஜவ்வாது மலை ஏறினால் காவலூர். அங்கிருக்கும் வைணு பாப்பு ஆய்வகத்தின் பெரிய தொலைநோக்கியின் கண்ணாடி 2.34 மீட்டர் அகலம். மெசியரின் லென்ஸை விடச் சுமார் 670 மடங்கு ஒளியைப் பிடிக்கும். பெயருக்கு உரிய வைணு பாப்புவும் வால்நட்சத்திரக்காரர்தான். ஹார்வர்டில் மாணவராக இருந்தபோது 1949ல் அவரும் இன்னும் இருவரும் கண்டுபிடித்த வால்நட்சத்திரத்துக்கு அவர்கள் பெயரே உண்டு.

காவலூரின் அட்சரேகை வடக்கே 12 பாகை 35 கலை (60 கலை ஒரு பாகை). எம் 87 இருப்பது வான நடுக்கோட்டுக்கு வடக்கே 12 பாகை 23 கலையில். அதாவது நம் ஊருக்கு மேலே அது கிட்டத்தட்ட நேர் உச்சியில் கடக்கிறது. சித்திரை மாத அமாவாசையை ஒட்டிய நாட்களில் இரவு பத்து, பதினொரு மணிக்குப் பார்க்கலாம். உச்சியைக் குறி வைப்பதில் ஒரு சிரமம் உண்டு. எங்களிடம் இருப்பது 8 அங்குல டாப்சோனியன் வகைத் தொலைநோக்கி. நேர் மேலே திருப்பினால் பக்கவாட்டில் நகர்த்தப் பிடியே கிடைக்காமல் முரண்டு பிடிக்கும். அதனால் கடக்கும் நேரத்துக்கு ஒரு மணி முன்போ பின்போ பாருங்கள். சிங்கத்தின் வால் நட்சத்திரமான உத்திரத்திலிருந்து கிழக்கே மெதுவாக நகர்த்திக்கொண்டே போனால் எம் 84, எம் 86 இரண்டும் ஒரே பார்வைக்குள் சாம்பல் பொட்டுகளாக வந்து நிற்கும். அங்கிருந்து ஒரு பாகைக்குச் சற்று அதிகம் நகர்த்தினால் எம் 87. நடுவில் அழுத்தமாக, ஓரம் கரைந்து தெரியும்.

குப்பத்திலிருந்து ரயிலேறி ஜோலார்பேட்டை வந்து எங்களோடு சேர்ந்துகொண்ட கல்லூரிப் பெண் இதைப் பார்த்துவிட்டு, “அண்ணா, போட்டோல இருக்கற மாதிரி இல்லையே, அழிரப்பர் தேச்ச மாதிரி இருக்கு” என்றாள். “மெசியருக்கு இதைவிட மங்கலாத்தான்மா தெரிஞ்சிருக்கும்” என்றேன். நேராகப் பார்க்காமல் பொட்டுக்குச் சற்றுப் பக்கத்தில் பார்வையை வைக்கச் சொன்னதும் பொட்டு பெரிதாகிறது என்றாள். இருட்டில் கண்ணின் ஓரப் பார்வைக்குத்தான் மங்கல் ஒளியை உணரும் திறன் அதிகம். இந்தப் பொட்டின் நடுவிலிருந்து ஒரு நேர்கோடு நீட்டிக்கொண்டிருப்பதை 1918ல் கர்ட்டிஸ் புகைப்படத்தில் பார்த்தார். அங்கே இருக்கும் கருந்துளையின் நிழற்படம்தான் 2019 ஏப்ரலில் வெளியான, எல்லோரும் பார்த்த அந்த ஆரஞ்சு வளையம்.

எம் 31க்குக் கார்த்திகை, மார்கழி முன்னிரவு. பூரட்டாதியும் உத்திரட்டாதியும் சேர்ந்து வரையும் பெரிய சதுரத்தின் வடகிழக்கு மூலையில் தொடங்குங்கள். வடகிழக்காக இரண்டு நட்சத்திரம் தாண்டி, அங்கிருந்து வடமேற்கே திரும்பி இரண்டு சின்ன நட்சத்திரம் போனால் பக்கத்திலேயே இருக்கும். மழை விட்டு வானம் தெளிந்த இரவாக இருந்தால் வெறும் கண்ணே போதும். எம் 81, எம் 82 இரண்டும் சப்தரிஷி மண்டலத்துக்கு அருகே வடக்கில் தாழ்வாக இருப்பவை. காவலூர் பக்கமிருந்து பார்த்தால் வாணியம்பாடி, ஆம்பூர் விளக்கு வெளிச்சம் அந்தத் திசையில்தான் ஏறி நிற்கிறது. மேகமற்ற இரவிலும் அவை எங்களுக்குச் சுமார்தான்.

தெற்கே கதை வேறு. எம் 83ஐ 1752ல் லக்காய் என்ற பிரெஞ்சு வானியலாளர் தென்னாப்பிரிக்காவிலிருந்து கண்டுபிடித்தார். பாரீசில் அது அடிவானத்துக்கு மேல் 11 பாகைதான் எழும்பும். மெசியர் பார்க்கத் திணறினார். நமக்கு 47 பாகை உயரத்தில், தென்னை மரங்களுக்கு எல்லாம் மேலே வருகிறது. இன்னும் தெற்கே இருக்கும் என்ஜிசி 5128 குறுக்கே கறுப்புப் பட்டை போட்ட பெரிய கேலக்ஸி, எம் 87ஐ விடப் பிரகாசமானது. பாரீசில் அது எழும்புவதே இல்லை என்பதால் மெசியர் பட்டியலில் கிடையாது. 1826ல் ஆஸ்திரேலியாவின் பாரமட்டாவிலிருந்து ஜேம்ஸ் டன்லப் கண்டது. சித்திரை, வைகாசியில் நம் தெற்கு வானத்தில் 34 பாகை உயரத்துக்கு வரும். எம் 87ஐப் பார்த்து முடித்த கையோடு தொலைநோக்கியை அந்தப் பக்கம் திருப்பிவிடலாம்.